ஒற்றை மாணவியின் சராசரி

எங்கள் நாட்டில் அரசாங்கம் யாரிடமும் முகத்தில் அடித்தாற்போல் இல்லை என்று சொல்லாது. உட்கார வைக்கும், தேநீர் கொடுக்கும், பிஸ்கட் தட்டை நம் பக்கம் நகர்த்தும். ஊரில் மழை எப்படி என்று விசாரிக்கும். செத்துப்போன நம் மாமாவை ஒருதரம் கால்பந்து மைதானத்தில் பார்த்ததாகச் சொல்லிக் கண்கலங்கும். வெளியே வந்து வண்டியேறிப் பாதி தூரம் போன பிறகுதான் நமக்கே உறைக்கும், இல்லை என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள் என்பது.

இனிஷ்வாரா தீவில் நான் கடை வைத்திருக்கிறேன். தீவில் ஓர் உயர்நிலைப் பள்ளி இருந்தது, பன்னிரண்டு பிள்ளைகள் படித்தார்கள். அதன் நிர்வாகக் குழுவுக்கு நான் செயலாளர். அதாவது, கூட்டம் நடக்கும்போது கேக் கொண்டுபோகிற பெண். பள்ளி இறுதித் தேர்வை, லீவிங் செர்ட்டை, அந்த வருடம் எங்கள் தீவில் எழுதியது ஒரே ஒரு பெண். நண்டு, இறால் பிடிக்கிற கோல்மனின் மகள் நியாசா. அவள் அம்மா லண்டனில் இருக்கிறாள், அது வேறு கதை.

நியாசாவுக்கு மாட்டு வைத்தியம் படிக்க வேண்டும். எங்கள் தீவில் இது ஆடம்பரமான ஆசை இல்லை. அக்கரையிலிருந்து மாட்டு வைத்தியர் வருவதென்றால் முதலில் கடல் சம்மதிக்க வேண்டும், கடல் சம்மதிப்பதற்குள் மாடு ஒரு முடிவுக்கு வந்துவிடும். டப்ளினில் உள்ள கல்லூரியில் அதற்கு இடம் கிடைப்பது குதிரைக்கொம்பு. மார்க்கு ஆகஸ்டில் ஒரு வெள்ளிக்கிழமை காலை கணினியில் வரும். அதை வைத்து அடுத்த வாரமே கல்லூரி இடம் ஒதுக்கிவிடும்.

தீவில் நன்றாக சிக்னல் கிடைப்பது என் கடையில்தான். அதனால் அந்த வெள்ளிக்கிழமை பாதித் தீவு என் கடையில் நின்றது. பள்ளித் தலைமையாசிரியர் ஃபெஸ்டி கழுத்துப்பட்டை கட்டி வந்திருந்தார். நியாசா தன் எண்ணைத் தட்டினாள். திரையில் ஐரிஷிலும் ஆங்கிலத்திலும் வந்தது: இந்த முடிவு பொது நலன் கருதி நிறுத்திவைக்கப்பட்டுள்ளது. கீழே, தங்கள் பொறுமைக்கு நன்றி.

"ஃபெயிலா?" என்றான் கோல்மன்.

"ஃபெயில்னா ஃபெயில்னு போடுவாங்கப்பா."

"அப்ப பாஸா?"

"பாஸ்னாலும் போடுவாங்க."

"ரெண்டும் இல்லாம மூணாவதா என்னடி இருக்கு?"

"பொது நலன்," என்றாள் நியாசா.

தொலைபேசியில் இயந்திரம்தான் பேசியது. ஐரிஷுக்கு ஒன்றை அழுத்து என்றது. அழுத்தினோம். ஐரிஷில், காத்திருக்கவும் என்றது. காத்திருந்து பார்த்துவிட்டு, அடுத்த படகில் நியாசா, கோல்மன், நான் மூன்று பேரும் கிளம்பினோம். என் வேன் அக்கரைப் படகுத்துறையில் நிற்கும், அதனால் இந்த மாதிரி விஷயங்களில் எப்போதும் நான்தான் சாரதி.

மார்க்கை வெளியிடுகிற தேர்வு வெளிப்படை அலுவலகம் நாட்டின் நட்டநடு வயிற்றில், சதுப்பு நிலத்து ஊர் ஒன்றில் இருக்கிறது. அரசு அலுவலகங்களை மக்களுக்குப் பக்கத்தில் கொண்டுபோகிறோம் என்று சொல்லி, எல்லா மக்களுக்கும் சம தூரத்தில் கொண்டுபோய் வைத்தார்கள். கட்டடம் முழுக்கக் கண்ணாடி. ஒளிவுமறைவு கூடாது என்பதற்காக அப்படிக் கட்டினார்களாம். எங்கள் நாட்டில் எப்போதாவது அடிக்கிற வெயில் கண்ணில் படுகிறது என்று உள்பக்கம் கறுப்புத் தாள் ஒட்டியிருந்தார்கள்.

எங்களை வரவேற்ற அதிகாரியின் பெயர் ஃபியக்ரா. முப்பது வயது இருக்கும். நல்ல பையன், அதைச் சொல்லியாக வேண்டும். இந்தக் கதையில் வருகிற எல்லாருமே நல்லவர்கள்தான், அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

"என்னை சார்னெல்லாம் சொல்லாதீங்க, ஃபியக்ரான்னே கூப்பிடுங்க," என்றான். தேநீர் வந்தது. "கோல்மன், முதல்ல ஒண்ணு சொல்லிடறேன். இது உங்களுக்காகத்தான்."

"எது எனக்காக?"

"இந்தச் சட்டம். பள்ளிக்கூடங்களை ஒண்ணோட ஒண்ணு ஒப்பிட்டுப் பத்திரிகைக்காரன் பட்டியல் போட ஆரம்பிச்சா முதல்ல சாகறது யாரு? உங்களை மாதிரி சின்னப் பள்ளிதான். அதனால, ஒரு பள்ளியோட சராசரி மார்க்கு வெளிய போகவே கூடாதுன்னு சட்டம்."

"சராசரி யாருக்குப்பா வேணும்? என் பொண்ணு மார்க்கச் சொல்லு."

"உங்க பள்ளியில எத்தனை பேர் எழுதினாங்க?"

"இவ ஒருத்திதான்."

"அப்ப, பள்ளியோட சராசரி என்ன?" என்று கேட்டுவிட்டு வகுப்பில் வாத்தியார் காத்திருப்பது போல் காத்திருந்தான்.

"என் மார்க்கு," என்றாள் நியாசா.

"புத்திசாலி," என்றான் ஃபியக்ரா. உடனே கொஞ்சம் பதறி, அது அவளுடைய தேர்வு முடிவைப் பற்றிய அதிகாரபூர்வமான கருத்து இல்லை என்றும் சேர்த்துக்கொண்டான்.

நான் குறுக்கே புகுந்தேன். "போன வருஷம் ஆறு பேருக்கும் குடுத்தீங்களே?"

"ஆறு பேருன்னா கூட்டத்துல ஒளிஞ்சுக்கலாம், நோரீன். இவங்க எங்க போய் ஒளிவாங்க?"

"அவ ஏன்பா ஒளியணும்? அவ மார்க்க அவகிட்ட சொன்னா யாருக்கு என்ன கேடு?" என்றான் கோல்மன்.

"அவங்க உங்ககிட்ட சொல்லுவாங்க."

"சொல்லத்தான் செய்வா."

"நீங்க படகுத்துறையில சொல்லுவீங்க. அதுக்கப்புறம் அது என்ன ஆகும்னு உங்களுக்கே தெரியும்."

படகுத்துறையைப் பற்றி அவன் சொன்னதில் தப்பில்லை. கோல்மன் அதை விட்டுவிட்டு, கல்லூரிக்காரர்களிடமாவது காதோடு காதாகச் சொல்லக் கூடாதா என்று கேட்டான்.

"அவங்க சீட்டுக் குடுத்தா சராசரி அதிகம்னு ஊருக்குத் தெரிஞ்சுடும். குடுக்கலேன்னா கம்மின்னு தெரிஞ்சுடும். எப்படிப் பாத்தாலும் கசிவுதான்," என்றான் ஃபியக்ரா. நிஜமாகவே வருத்தப்பட்டான். முகம் வாடிவிட்டது. எங்கள் வருத்தத்தை விட்டுவிட்டு அவனைத் தேற்ற வேண்டியதாயிற்று.

தேறியதும் அவனுக்கு ஒரு யோசனை வந்தது. தகவல் சுதந்திரச் சட்டத்தின் கீழ் நியாசா விண்ணப்பிக்கலாம், தன்னைப் பற்றிய தகவலைக் கேட்டுப் பெற யாருக்கும் உரிமை உண்டு. விண்ணப்பத்தை அவனே எழுதிக் கொடுத்தான். ஒரு இடத்தில் வாசகம் சரியில்லை என்று அடித்துத் திருத்தினான். அவள் கையெழுத்துப் போட்டதும் எழுந்து மேஜையைச் சுற்றிக்கொண்டு அந்தப் பக்கம் போய் உட்கார்ந்து, அதை வாங்கிப் படித்துவிட்டு, நல்ல விண்ணப்பம் என்று பாராட்டினான்.

"இதுல முடிவெடுக்கறது யாரு?" என்றேன்.

"நான்தான்."

அவசரம் என்பதால் அன்றைக்கே எடுத்துவிட்டான். உள்ளே போய் ஒரு தாளோடு வந்தான். நியாசாவின் பெயர் இருந்தது. பாடங்களின் பெயர்கள் இருந்தன. தேர்வறையில் ஜன்னல் திறந்திருந்தது, ஒரு கடற்காகம் உள்ளே வந்து போனது என்று மேற்பார்வையாளர் எழுதிய குறிப்பு முழுசாக இருந்தது. மற்றதெல்லாம் கறுப்பு.

"உங்களைப் பத்தின தகவல் எல்லாமே குடுத்துட்டோம். பள்ளியைப் பத்தினதை மட்டும்தான் மறைச்சிருக்கோம்," என்றான்.

நியாசா தாளை விளக்குக்கு எதிரே தூக்கிப் பிடித்துப் பார்த்தாள்.

"அதுக்காகத்தான் ரெண்டு தரம் மை பூசியிருக்கோம்," என்றான் ஃபியக்ரா, மன்னிப்புக் கேட்கிற குரலில்.

இந்த முடிவு பிடிக்காவிட்டால் மேல்முறையீடு செய்யலாம். மேல்முறையீட்டை விசாரிப்பவர் அசம்ப்டா. அவள் அதே அறையில், எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு இரண்டடி தள்ளி உட்கார்ந்திருந்தாள். விவகாரம் எதுவும் தன் காதில் விழவில்லை என்பதற்காகத்தான் முதுகு. இப்போது நாற்காலியைத் திருப்பிப் போட்டு, புதிதாக எங்களைப் பார்ப்பது போல் கை கொடுத்தாள். நடுநிலைமை கெட்டுவிடக் கூடாது என்று ஃபியக்ராவை வெளியே நிற்கச் சொன்னாள். கண்ணாடிக்கு அப்பால் நின்று அவன் எங்களுக்குக் கட்டைவிரலை உயர்த்திக் காட்டினான்.

"நான் இந்தத் துறைக்கு வந்தப்ப மறுப்புன்னா ஒரு வரிதான்," என்று ஆரம்பித்தாள் அசம்ப்டா. "காரணம் கிடையாது, மரியாதை கிடையாது. இன்னைக்குப் பாருங்க, எங்க மறுப்பு ஒவ்வொண்ணும் ஒம்போது பக்கம். ஐரிஷ்ல ஒண்ணு, ஆங்கிலத்துல ஒண்ணு, கண்ணு மங்கினவங்களுக்குப் பெரிய எழுத்துல ஒண்ணு. போன வருஷம், மறுக்கப்பட்டவங்ககிட்டயே போய்க் கருத்துக் கேட்டோம். பத்துல எட்டுப் பேரு, மறுத்த விதம் மனசுக்கு ஆறுதலா இருந்துதுன்னு சொன்னாங்க."

"மீதி ரெண்டு பேரு?"

"அவங்க சொன்னதை வெளியிட முடியாது." தேநீரை ஒரு வாய் குடித்தாள். "எங்க வேலையைப் பலபேர் தப்பாப் புரிஞ்சுக்கறாங்க. தகவல்ங்கறது மக்களோட சொத்து. மக்களோட சொத்தைக் கேட்டவங்களுக்கெல்லாம் தூக்கிக் குடுத்துட முடியுமா? நாங்க அதைப் பொத்திப் பாதுகாக்கறோம்."

"என் பொண்ணும் மக்கள்தானேம்மா," என்றான் கோல்மன்.

"இல்லை கோல்மன். ஒருத்தர் மக்கள் ஆக முடியாது."

அதைச் சொல்லும்போது அவன் கையைத் தட்டிக்கொடுத்தாள். மேல்முறையீடு அத்தோடு முடிந்தது.

மறுநாள், திரும்புகிற வழியில் எங்கள் தொகுதி நாடாளுமன்ற உறுப்பினரையும் பார்த்தோம். சனிக்கிழமை தோறும் ஒரு மதுக்கடையின் மூலையில் உட்கார்ந்து குறை கேட்பவர். முழுசாகக் கேட்டார், மேஜையில் குத்தினார், சபையில் இதை எழுப்பாமல் விடமாட்டேன் என்றார். சபை எப்போது கூடும் என்று கேட்டோம். செப்டம்பர் கடைசியில் என்றார். அதற்குள் தீவில் யாராவது இறந்தால் கட்டாயம் சொல்லி அனுப்புங்கள், வந்துவிடுகிறேன் என்று வாசல் வரை வந்து வழியனுப்பினார்.

கல்லூரியிலிருந்து தொலைபேசியில் பேசிய பெண் நியாயமானவள். அடுத்த வாரக் கடைசி வரை ஒரு இடத்தை நிறுத்தி வைக்கிறேன், மார்க்கு இல்லாமல் உள்ளே விட எனக்கு வழியில்லை என்றாள். அந்த வாரம் நியாசா தினமும் என் கடைக்கு வந்து அலமாரியில் டப்பாக்களை அடுக்கினாள். அடுக்கினதைக் கலைத்து மறுபடி அடுக்கினாள்.

கெடு முடிவதற்குள் ஒரு நாள் ஃபியக்ராவே தொலைபேசியில் கூப்பிட்டான். குரலில் அப்படி ஒரு உற்சாகம். "வழி கண்டுபிடிச்சுட்டோம் நோரீன். நானும் அசம்ப்டாவும் நேர்லயே வர்றோம். நிர்வாகக் குழுவைக் கூட்டுங்க."

வந்தார்கள். இருவருக்கும் படகில் குமட்டல். கொஞ்ச நேரம் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டு, பச்சை நிற முகத்தோடு கூட்டத்துக்கு வந்து உட்கார்ந்தார்கள். குழுவில் ஐந்து பேர்: ஃபெஸ்டி, கோல்மன், நான், இன்னும் இரண்டு பெற்றோர்கள். நியாசா கதவோரம் நின்றாள்.

"சட்டம் என்ன சொல்லுது? பள்ளிகளை ஒப்பிடக் கூடாதுன்னு சொல்லுது," என்றான் ஃபியக்ரா. "பள்ளியே இல்லேன்னா? ஒப்பிட ஒண்ணுமே இல்லையே. அப்புறம் நியாசாவோட மார்க்கு வெறும் நியாசாவோட மார்க்குதான். குழு இன்னைக்கு ஒரு தீர்மானம் போட்டா, நாளைக்குக் காலையில மார்க்கு கையில."

எங்களுக்குப் புரியக் கொஞ்ச நேரம் ஆயிற்று.

"ஒரு பொண்ணோட மார்க்கைப் பாக்கறதுக்குப் பள்ளிக்கூடத்தை மூடணுமா?" என்றார் ஃபெஸ்டி.

"மூடணும்னு நாங்க சொல்லவே இல்லை ஃபெஸ்டி. அப்படிச் சொல்ல எங்களுக்கு அதிகாரமே கிடையாது," என்றாள் அசம்ப்டா. "மூடினா எங்களுக்கு ஒரு வழி பிறக்கும்னுதான் சொல்றோம்."

"சின்னப் பள்ளியைக் காப்பாத்தத்தானே இந்தச் சட்டம்னீங்க?"

"ஆமா. மூடிட்டா அதுக்கப்புறம் அதுக்கு எந்த ஆபத்தும் வராது."

நான் கேக்கை வெட்டிக்கொண்டிருந்தேன். கத்தியைக் கீழே வைத்துவிட்டேன், அது எல்லாருக்கும் நல்லதென்று பட்டது.

"நீங்க ரெண்டு பேரும் அந்த மார்க்கைப் பாத்துட்டீங்க, இல்லையா?" என்றேன்.

"பாக்காம எப்படி மறைக்கறது?"

"மார்க்கு எவ்வளவுன்னு சொல்ல வேணாம். காலேஜுக்குப் பத்துமா பத்தாதா, அதை மட்டும் சொல்லுங்க. பத்தாதுன்னா இந்தக் கூட்டமே வேணாம், கேக்கைத் தின்னுட்டுக் கிளம்பலாம்."

இருவரும் கேக்கைப் பார்த்தார்கள். அதில் உலர்ந்த திராட்சை எத்தனை என்று எண்ணுவது போல் பார்த்தார்கள்.

"அது தகவல், நோரீன்," என்றாள் அசம்ப்டா.

பள்ளி போனால் என்ன ஆகும் என்று அந்த அறையில் யாருக்கும் சொல்லித் தர வேண்டியதில்லை. பக்கத்துத் தீவில் பார்த்திருக்கிறோம். முதலில் பிள்ளைகள் அக்கரையில் வாரம் முழுக்க யார் வீட்டிலோ தங்கிப் படிப்பார்கள். அடுத்த வருடம் அம்மாக்கள் கூடப் போவார்கள். அதற்கடுத்து அப்பாக்கள். அப்புறம் ஆளில்லாத தீவுக்கு எதற்குப் படகு என்று கேட்பார்கள். இப்போது அந்தத் தீவில் கோடையில் கூடாரம் போடுகிற ஜெர்மன்காரர்கள்தான் இருக்கிறார்கள், அவர்களும் தீவு அமைதியாக இருக்கிறது என்று பாராட்டுகிறார்கள்.

நியாசா கதவோரத்திலிருந்தே பேசினாள். "எனக்காக யாரும் எதையும் மூடாதீங்க. என்னால ஒரு வருஷம் சும்மா இருக்க முடியும். அந்தப் பன்னெண்டு பேரு எங்க போவாங்க?"

"நீ சும்மா இருடி," என்றேன்.

கை தூக்கச் சொன்னார்கள். மூடலாம் என்று முதலில் கை தூக்கியவர் ஃபெஸ்டி. பள்ளி போனால் அவருக்கு வேலை போகும். ஆறு வருடம் அந்தப் பெண்ணுக்குச் சொல்லிக்கொடுத்தவர், அதனால் தூக்கினார். அடுத்து நான். என் மகள் அந்த செப்டம்பரில்தான் அங்கே சேர வேண்டியவள். மற்ற இரண்டு பேரும் கையைத் தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். அவர்களை நான் குறை சொல்ல மாட்டேன், அவர்களுக்கு ஐந்து பிள்ளைகள்.

எல்லாரும் கோல்மனைப் பார்த்தோம். அவன் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு எழுந்து நின்றான். கூட்டத்தில் பேசுகிறவன் இல்லை அவன்.

"எனக்குத் தெரிஞ்சது இந்தப் பள்ளிக்கூடம். இவ மார்க்கு எனக்குத் தெரியாது," என்றான். "தெரியாத ஒண்ணுக்காகத் தெரிஞ்ச ஒண்ணை நான் எப்படி மூடச் சொல்லுவேன்? மூடின பிற்பாடு, இவளுக்கு மார்க்குப் பத்தலேன்னு வந்தா? அந்தப் பிள்ளைங்க மூஞ்சியில நான் எப்படி முழிப்பேன்?"

மகளைத் திரும்பிப் பார்த்தான். அவள் வேண்டாம் என்று தலையை ஆட்டினாள். அவன் கை தூக்காமல் உட்கார்ந்தான்.

பள்ளி பிழைத்தது. அதிகாரிகள் இருவரும் கைதட்டினார்கள். ஜனநாயகம் இவ்வளவு கிட்டத்தில் நடந்து தான் பார்த்ததே இல்லை என்றாள் அசம்ப்டா. மீதிக் கேக்கைப் பொட்டலம் கட்டித் தரச் சொல்லி வாங்கிக்கொண்டு படகேறினார்கள். கல்லூரியில் அந்த இடம் வேறு யாருக்கோ போயிற்று. நியாசா அக்கரையில் சால்மன் மீன் வெட்டுகிற தொழிற்சாலையில் வேலைக்குச் சேர்ந்தாள்.

குளிர்காலத்தில் இன்னோர் அலுவலகம் விழித்துக்கொண்டது. அது பள்ளிகளுக்கு அங்கீகாரம் கொடுக்கிற அலுவலகம். வெளிப்படை அலுவலகத்துக்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை என்று இரண்டு அலுவலகத்தாரும் எங்களிடம் பெருமையாகச் சொன்னார்கள். அங்கீகார அலுவலகத்தார் தங்கள் திரையைத் தட்டிப் பார்த்திருக்கிறார்கள். இனிஷ்வாரா பள்ளிக்கு எதிரே அந்த வருடம் தேர்வு முடிவு என்று ஒன்றுமே இல்லை. முடிவு இல்லாத பள்ளி நடக்காத பள்ளி. ஃபெஸ்டி பதறியடித்துக்கொண்டு நேரில் போனார்.

"முடிவு இருக்கு, அது ரகசியமா இருக்கு," என்று சொல்லியிருக்கிறார்.

"இருக்கலாம்," என்றாராம் அங்கிருந்தவர். "ஆனா ரகசியமா இருக்கறதை நாங்க எப்படிப் பாக்கறது? பாத்தா சட்டப்படி குத்தமாச்சே."

பள்ளியின் அங்கீகாரத்தை ரத்து செய்தார்கள். கணக்கு நேராக இருக்க வேண்டும் என்று, அதை முந்தின வருட செப்டம்பரிலிருந்தே ரத்து செய்தார்கள். கிறிஸ்துமஸ் முடிந்ததும் பன்னிரண்டு பிள்ளைகளும் பெட்டியோடு படகேறினார்கள், என் மகளும்தான். அவள் அழாமல் இருந்தாள், நான்தான் துறையில் நின்று அசிங்கமாக அழுதேன். அப்போது என் வாயில் வந்த வார்த்தைகளை எழுதினால் அச்சில் போட மாட்டார்கள்.

அடுத்த வாரம் ஃபியக்ரா கூப்பிட்டான்.

"நல்ல சேதி நோரீன். இப்ப தடையே இல்லை. பள்ளி இல்லைன்னு ஆயிடுச்சுல்ல, நியாசாவோட மார்க்கை வெளியிட்டுட்டோம். உங்க நம்பர்தான் குடுத்திருந்தாங்க, அதான் உங்களுக்கு முதல்ல. அறுநூத்தி இருபத்தஞ்சு."

அதற்கு மேல் மார்க்கு கிடையாது. நான் கடையில் உருளைக்கிழங்கு மூட்டை மேல் உட்கார்ந்துவிட்டேன்.

"முதல் நாள் பாத்தப்பவே எங்களுக்கு அவ்வளவு சந்தோஷம். அன்னைக்கே ஆபீஸ்ல கேக் வெட்டினோம்," என்றான் அவன். குரல் தழுதழுத்தது. பொய்யில்லை, நிஜமாகவே தழுதழுத்தது.

"இதைக் காட்டி அடுத்த வருஷம் காலேஜுல சேரலாம்ல?"

"அங்கதான் ஒரு சின்ன விஷயம். பள்ளி அந்த வருஷம் பூராவும் இல்லைன்னு ஆயிடுச்சு. இல்லாத பள்ளியில எழுதின பரீட்சை இல்லையா? அதனால இது தகவலாச் செல்லும். மார்க்காச் செல்லாது. மறுபடியும் எழுதலாமே. அவங்களுக்கு நல்லா வரும்னு இப்ப நமக்கே தெரியும்."

அவன் இருமிக்கொண்டு, ஒரு சின்னக் கேள்வி, எல்லாரிடமும் கேட்பதுதான் என்றான். எங்கள் சேவை எப்படி இருந்தது, ஒன்றிலிருந்து ஐந்துக்குள் எவ்வளவு தருவீர்கள்?

நான்கு என்றேன். என்னை எதை வைத்து அடிப்பதென்று எனக்கே தெரியவில்லை. ஆனால் நாங்கள் அப்படித்தான். இவ்வளவு தூரம் தொலைபேசியில் கூப்பிட்ட பையனிடம் ஒன்று என்று சொல்ல எங்கள் நாட்டில் யாருக்கும் வாய் வராது. நன்றியும் சொல்லிவிட்டு வைத்தேன்.

அடுத்த படகில் அக்கரைக்குப் போனேன். தொழிற்சாலையில் இடைவேளை நேரம். நியாசா தலையில் வலைத்தொப்பியோடு பின்பக்கப் படியில் உட்கார்ந்து ரொட்டி தின்றுகொண்டிருந்தாள். மீன் நாற்றம் அவளுக்கு முன்னால் வந்து என்னை வரவேற்றது. மார்க்கைச் சொன்னேன், செல்லாது என்பதையும் சொன்னேன். அவள் ரொட்டியை மென்று விழுங்கி முடித்தாள்.

"அப்பாகிட்ட சொல்லிட்டீங்களா அத்தை?"

"இல்லடி. உன்கிட்டதான் முதல்ல."

"சொல்லாதீங்க."

"என்னடி பேசற? நாடு முழுக்கத் தேடினாலும் இந்த மார்க்கு வாங்கினவங்க..."

"அத்தை. அன்னைக்குக் கை தூக்காதது அவரு." கையிலிருந்த ரொட்டித் துகளைத் தட்டிவிட்டாள். "பள்ளிக்கூடமும் போச்சு. இதையும் கேட்டாருன்னா, அதுக்கப்புறம் தனியாப் படகெடுத்துட்டுப் போற மனுஷன் திரும்பி வருவாரா? பத்தலைன்னு சொல்லிடுங்க."

"எவ்வளவு பத்தலைன்னு கேட்டா? கொஞ்சம்னு சொல்லவா?"

யோசித்தாள். "வேணாம். கொஞ்சம்னா அதையே நினைச்சுக்கிட்டு இருப்பாரு. நிறையன்னு சொல்லுங்க."

மணி அடித்தது. கையுறையை மாட்டிக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

சாயங்காலப் படகில் திரும்பினேன். கோல்மன் துறையில் உட்கார்ந்து, இறால் கூண்டின் கிழிந்த வலையை முடிந்துகொண்டிருந்தான். பக்கத்தில் போய் உட்கார்ந்து, மார்க்கு வந்துவிட்டது, பத்தவில்லை என்றேன்.

அவன் முடிச்சிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "நிறையவா?"

"நிறைய."

அவன் தோள் இறங்கியது. ரொம்ப நாளாக அடக்கி வைத்திருந்த மூச்சை விட்டான்.

"பாவம், கஷ்டப்பட்டுப் படிச்சா," என்றான். அடுத்த முடிச்சைப் போட்டுக்கொண்டே, "அப்ப அன்னைக்கு நான் பண்ணது சரிதான். இல்ல நோரீன்?"

"சரிதான் கோல்மன்," என்றேன்.